அரக்கு கலர் என்கிறோமே, அந்த 'அரக்கு' எங்கிருந்து வந்தது?

திருப்புல்லாணி தையல்

எல்லோருக்கும் வணக்கம். நான் தையல் கடை வைத்திருக்கிறேன். கல்யாண ரவிக்கைதான் அதிகம் வரும். பெண்ணின் அம்மா "அரக்குப் பட்டு" என்று சொல்லித் துணியைக் கொடுப்பார், பெண் அதையே "மெரூன்" என்பாள். மெரூன் பிரெஞ்சுச் சொல், ஒரு கொட்டையின் பெயர் என்று படித்திருக்கிறேன். அது கிடக்கட்டும், நம்முடைய அரக்கு எங்கிருந்து வந்தது?

எங்கள் பக்கம் அரக்கு என்றால் தபால் ஆபீசில் பார்சலுக்கு வைக்கிற சீல் ஞாபகத்துக்கு வரும். நகைக்கடையில் "அரக்குக் கழிவு" என்று எடையில் கழிப்பார்கள். கும்பாபிஷேகத்தில் சாமிக்கு மருந்து சாத்தும்போதும் அரக்கு சேர்ப்பார்கள். இத்தனை இடத்தில் இருக்கும் பொருளுக்கும் சேலை நிறத்துக்கும் எப்படித் தொடர்பு வந்தது? இன்னொன்றையும் கேட்க வேண்டும். நம் கடற்கரை மணலிலேயே சாயவேர் விளைந்திருக்கிறது. துணிக்குச் சிவப்புக் கொடுத்தது அதுதான் என்கிறார்கள். சிவப்பு நம் மண்ணிலேயே கிடைத்தபோது, எங்கோ காட்டிலிருந்து வரும் அரக்கின் பெயரை ஏன் நிறத்துக்கு வைத்தோம்?

தெரிந்தவர்கள் விரிவாகச் சொல்லுங்கள். ஒற்றை வரியில் "வடசொல்" என்று முடித்துவிட வேண்டாம்.

ஏட்டுச்சுவடி

நல்ல கேள்வி அம்மா. முதலில் பொருளைச் சொல்லிவிடுகிறேன். அரக்கு ஒரு பூச்சி சுரக்கும் பிசின். புரசு, இலந்தை, பூவம் போன்ற மரங்களின் இளங்கிளையில் இந்தச் சின்னப் பூச்சிகள் நெருக்கமாக ஒட்டிக்கொண்டு சாற்றை உறிஞ்சும். தங்களைச் சுற்றி ஒரு பிசினைச் சுரந்து மூடிக்கொள்ளும். கொஞ்ச நாளில் கிளை முழுக்கக் கருஞ்சிவப்பாக ஒரு பொருக்குப் படியும். கிளையோடு வெட்டி எடுத்தால் அது கொம்பரக்கு. உருக்கி மெல்லிய தகடாக இழுத்தால் அவலரக்கு. இன்றும் இந்தியாவில் அதிகம் விளைவது ஜார்க்கண்டில். ராஞ்சிக்குப் பக்கத்தில் 1924-லேயே அரக்குக்கென்று ஆராய்ச்சி நிலையம் தொடங்கினார்கள்.

இனி சொல். சமஸ்கிருதத்தில் லாக்ஷா என்றும் ராக்ஷா என்றும் இரண்டு வடிவம் உண்டு. அமரகோசம் என்ற பழைய சமஸ்கிருத நிகண்டு இரண்டையும் அடுத்தடுத்தே சொல்கிறது. அதே வரியில் அரக்குக்கு 'த்ருமாமய' என்றும் ஒரு பெயர் வருகிறது, மரத்தின் நோய் என்று அர்த்தம். பூச்சி அடைத்த கிளையைப் பார்த்தவர்களுக்கு அந்தப் பெயர் எவ்வளவு பொருத்தம் என்று புரியும்.

தமிழில் ர, ல இரண்டும் சொல்லுக்கு முதலில் வராது என்பது தொல்காப்பியம் சொல்லும் விதி. அதனால் முன்னால் ஓர் உயிரெழுத்து சேரும். ராஜன் அரசன் ஆனது, லக்ஷம் இலக்கம் ஆனது. 'க்ஷ' தமிழுக்கு வரும்போது 'க்க' ஆகும், பக்ஷம் பக்கம் ஆனது போல. இரண்டையும் சேர்த்துப் பாருங்கள், ராக்ஷா அரக்கு ஆகிவிடும். கன்னடத்தில் அரகு, தெலுங்கில் லக்க. தெலுங்கர் லகர வடிவத்தை எடுத்துக்கொண்டார்கள், நாமும் கன்னடரும் ரகர வடிவத்தை எடுத்துக்கொண்டோம்.

பாம்பன் காற்று

அப்படியானால் அரக்கனும் இதே வழியில் வந்ததுதானா? ராட்சசன், அரக்கன். எங்கள் தீவில் சின்ன வயதில் ராவணன் கதை சொல்லும்போது அரக்கன் ரத்தச் சிவப்பாக இருப்பான், அதனால்தான் அந்தப் பெயர் என்பார்கள்.

ஏட்டுச்சுவடி

வந்த வழி ஒன்று, ஆள் வேறு தம்பி. ராக்ஷச என்பதும் அரக்கன் ஆகும், ராக்ஷா என்பதும் அரக்கு ஆகும். ஒலி ஒத்துப்போவதால் மட்டும் உறவு வந்துவிடாது. அரக்கனை ஓவியத்தில் சிவப்பாகத் தீட்டியது பிற்காலப் பழக்கம்.

தமிழ்வேர் தேடி

ஐயா, உங்கள் கருத்தை மதிக்கிறேன், ஆனால் எதிர்ப்பக்கமும் பதிவாக வேண்டும். தேவநேயப் பாவாணர் வழியில் சொல் ஆராய்பவர்கள் 'அர' என்பதையே சிவப்பைக் குறிக்கும் வேராகக் கொள்வார்கள். அரக்கு, அரத்தம், அரக்காம்பல், இலங்கைத் தமிழில் செம்பருத்திக்குச் செவ்வரத்தை. இத்தனை சொல்லிலும் 'அர' இருக்கிறது, சிவப்பும் இருக்கிறது. தமிழிலிருந்து வடக்கே போயிருக்கக் கூடாதா?

முத்தொள்ளாயிரப் பாட்டு நினைவிருக்கும். "அள்ளற் பழனத்து அரக்காம்பல் வாயவிழ, வெள்ளம் தீப்பட்டது எனவெரீஇ" என்று வரும். சேற்று வயலில் செவ்வாம்பல் மலர்கிறது, தண்ணீரில் தீப்பிடித்துவிட்டது என்று பறவைகள் பயந்து தங்கள் குஞ்சுகளைச் சிறகுக்குள் அணைத்துக்கொள்கின்றன. அரக்கு என்ற சொல்லைக் கேட்டதும் அந்தச் சிவப்பு கண்முன் வந்தால்தான் இந்தப் பாட்டு நிற்கும். கடன் வாங்கிய சொல்லுக்கு அவ்வளவு வேகம் வருமா?

ஏட்டுச்சுவடி

வரும் ஐயா. கடன் வாங்கியது நேற்றாக இருந்தால்தான் ஒட்டாமல் நிற்கும். சங்கப் பாட்டிலேயே அரக்கு இருக்கிறது. கலித்தொகையில் பாண்டவர் தங்கிய அரக்கு மாளிகை 'அரக்கு இல்' என்றே வருகிறது. அகநானூறு 14-ஆம் பாட்டில் ஒக்கூர் மாசாத்தனார் "அரக்கத்து அன்ன செந்நிலப் பெருவழி" என்கிறார். அரக்குப் போலச் சிவந்த நிலத்தில் போகும் பெரிய வழி. ஒக்கூர் சிவகங்கைப் பக்கம், 1985 வரை நம் ராமநாதபுரம் மாவட்டத்தில்தான் இருந்தது. அந்தச் செம்மண்ணில் மழை பெய்த மறுநாள் நடந்து பார்த்தவர்களுக்கு உவமை புரியும்.

அதே பாட்டின் அடுத்த வரிகளையும் பாருங்கள். காயாம்பூ உதிர்ந்து கிடக்கிறது, நடுவில் ஈயல் மூதாய் ஊர்கிறது, பவளமும் நீலமணியும் கலந்து கிடந்தது போல இருக்கிறது என்கிறார். மூதாய் என்பது மழைக்குப் பின் வருமே, வெல்வெட் மாதிரி சிவப்பாக ஒரு பூச்சி, தம்பலப்பூச்சி. அதுதான். அரக்குப் பூச்சி வேறு, இது வேறு. ஆனாலும் ஒரே காட்சியில் அரக்கு, மூதாய், பவளம் என்று மூன்று சிவப்பை வைத்து ஒவ்வொன்றையும் தனித்தனியாகக் காட்டுகிறார். இதில் எனக்குத் தீராத வியப்பு.

அரத்தம் பற்றி ஒரு சொல். ரக்த என்பதற்கு அது அப்படியே பொருந்துகிறது. அலத்தகம் என்பது அலக்தக. மாதவி கடலாடப் போவதற்கு முன் பாதத்தில் பூசிக்கொள்வது இந்த அலத்தகம்தான், செம்பஞ்சுக் குழம்பு. அரக்குச் சாயத்தைப் பஞ்சில் ஏற்றி வைத்துக்கொள்வது. மூன்று சொல்லும் மூன்று வடசொல்லோடு எழுத்துக்கு எழுத்து பொருந்தும்போது, வந்த திசை அங்கிருந்துதான் என்று கொள்கிறேன்.

கீழக்கரைக் காக்கா

அஸ்ஸலாமு அலைக்கும். இழை அருமையாகப் போகிறது. அரபுப் பக்கமிருந்து நானும் ஒன்று சேர்க்கிறேன். அரபியில் கருஞ்சிவப்புக்கு 'கிர்மிஸீ' என்பார்கள். கிர்மிஸ் என்பது ஓக் மரத்தில் ஒட்டும் ஒரு பூச்சி, அதைக் காயவைத்துச் சாயம் எடுத்தார்கள். அந்தச் சொல் பாரசீகத்தில் புழுவைக் குறிக்கும் 'கிர்ம்' என்பதோடு சேர்ந்தது. நாம் சொல்லும் கிருமி, சமஸ்கிருதத்தின் க்ருமி, எல்லாம் அந்தக் குடும்பம்தான். ஆங்கிலத்தில் கிரிம்சன், கார்மைன் என்பதும் அங்கிருந்து போனவை. லத்தீனிலும் இதே கதைதான். 'வெர்மிக்குலஸ்' என்றால் குட்டிப் புழு, அதிலிருந்து வந்தது வெர்மிலியன்.

கடல் கடந்து போன எல்லா ஊரிலும் கருஞ்சிவப்புக்குப் பூச்சியின் பெயர் இருக்கிறது. நம் அரக்கும் அந்த வரிசையில் உட்காருகிறது.

அரக்கு மேற்கே போனதற்கும் பழைய பதிவு உண்டு. செங்கடல் வழியாக வணிகம் செய்தவர்களுக்காக கி.பி. முதல் நூற்றாண்டில் ஒருவர் கிரேக்கத்தில் எழுதிய பெரிப்ளூஸ் என்ற கையேட்டில், இந்தியாவிலிருந்து ஆப்பிரிக்கக் கரையிலுள்ள அதூலிஸ் துறைமுகத்துக்குப் போகும் சரக்குகளில் 'லக்கோஸ்' சாயமும் இருக்கிறது. அதே லாக்ஷாதான். பின்னால் ஐரோப்பிய மொழிகளில் லாக், லாக்கர் என்று நின்றது.

எங்கள் வீட்டில் உம்மா இன்றும் 'அரக்கு' என்றுதான் சொல்வார்கள். கிர்மிஸீ ஊரில் யார் வாயிலும் வராது, வளைகுடாவில் வேலை பார்த்தவர்களுக்குத்தான் தெரியும்.

தலைமன்னார்

எங்கட பக்கம் அரக்கு என்றால் சாராயம்! தென்னஞ் சாராயத்தைச் சிங்களவரும் அரக்கு என்றுதான் சொல்லுவினம். இதுவும் அந்த அரக்கோ?

கீழக்கரைக் காக்கா

இல்லை தம்பி, அது அரபியின் 'அரக்'. வேர்வை என்று பொருள். வடிக்கும்போது பாத்திரத்தில் துளித்துளியாகச் சேர்வதால் அந்தப் பெயர். தமிழில் வந்து ஒரே எழுத்தில் நின்றுவிட்டது.

உச்சிப்புளி பட்டறை

அக்கா கேட்ட நகைச் சமாச்சாரத்துக்கு நான் பதில் சொல்கிறேன். எங்கள் குடும்பம் பரம்பரையாகப் பொன் வேலை.

பட்டறையில் அரக்கு இல்லாமல் ஒரு நாள் ஓடாது. கை அகல மரக்கோலின் நுனியில் ஒரு உருண்டை அரக்கு இருக்கும். வெறும் அரக்கு என்றால் சூட்டில் ரொம்ப இளகும், ஆறினால் உடையும். அதனால் குங்குலியமும் சலித்த செங்கல் பொடியும் சேர்த்து உருக்கி வைத்திருப்போம். கோலைக் குமுட்டி நெருப்புக்கு மேலே காட்டிச் சுழற்றினால் மேல்பகுதி பளபளவென்று இளகும். அப்போது தோட்டின் தகட்டை அதில் பதித்து, தண்ணீர் தொட்டு அழுத்த வேண்டும். நல்ல இளக்கத்தில் அழுத்தினால் தகட்டின் ஒவ்வொரு குழிக்குள்ளும் அரக்கு போய் உட்காரும். ஆறியதும் கல் மாதிரி பிடித்துக்கொள்ளும், பிறகு உளியை எப்படி வைத்தாலும் தகடு நகராது. வேலை முடிந்ததும் மறுபடி சூடு காட்டினால் தகடு கழன்று வந்துவிடும். பின்னால் ஒட்டியிருக்கும் அரக்கில் தகட்டின் அச்சு அப்படியே தலைகீழாக இருக்கும். சின்னப் பையனாக அந்த அச்சைப் பார்த்தபடியே உட்கார்ந்திருப்பேன்.

உள்ளே கூடாக இருக்கும் நகையில் அரக்கை ஊற்றி நிரப்பிவிடுவோம். இல்லையென்றால் விரலால் அழுத்தினாலே நசுங்கிவிடும். அந்த எடையைத்தான் விற்கும்போது கழிக்கிறார்கள். கழிப்பதில் நியாயம் உண்டு. எவ்வளவு அரக்கு என்று உருக்கிப் பார்க்காமலே கண்ணால் அளந்து கழிக்கிறார்களே, அதில் ஏழைப் பெண்கள் நிறைய ஏமாந்திருக்கிறார்கள். விற்பதற்கு முன் தெரிந்த ஆசாரியிடம் கொடுத்து அரக்கை எடுத்துவிட்டு எடை போடச் சொல்லுங்கள்.

திருப்புல்லாணி தையல்

நன்றி தம்பி, கடைசியில் சொன்னதை என் கடைக்கு வரும் எல்லோரிடமும் சொல்வேன்.

சாமிக்கு மருந்து சாத்துவது பற்றி எங்கள் ஊர்ப் பெரியவர் ஒருவரிடம் கேட்டேன். அஷ்டபந்தனம் என்றால் எட்டுப் பொருள். கொம்பரக்கு, குங்குலியம், சுக்கான்கல், கற்காவி, செம்பஞ்சு, சாதிலிங்கம், தேன்மெழுகு, எருமை வெண்ணெய். உரலில் போட்டு நாள் கணக்கில் இடித்து மெழுகு பதத்துக்குக் கொண்டுவந்து, மூர்த்திக்கும் பீடத்துக்கும் நடுவே வைத்து அடைப்பார்கள். எட்டில் நான்கு சிவப்பு என்பதை எழுதும்போதுதான் கவனித்தேன். கொம்பரக்கு, கற்காவி, செம்பஞ்சு, சாதிலிங்கம். அரக்கு அங்கே பசை, நகையிலும் பசை, தபாலிலும் பசை. நிறமாக எப்போது ஆனது?

வேதியியல் வாத்தியார்

இங்கேதான் பலருக்கும் குழப்பம் வரும். கொம்பரக்கில் இரண்டு பொருள் கலந்திருக்கிறது. ஒன்று பிசின், இன்னொன்று பூச்சியின் உடலில் இருக்கும் சிவப்புச் சாயம். அதன் பெயர் லாக்காயிக் அமிலம். கொம்பரக்கை இடித்துத் தண்ணீரில் போட்டால் சாயம் கரைந்து தண்ணீர் சிவக்கும், பிசின் கரையாது. நன்றாகக் கழுவிய பிசின் தேன் நிறத்துக்கு வந்துவிடும். மர வேலைக்கு மெருகு போடும் அவலரக்கு அந்த நிறம்தான். மிட்டாய், மாத்திரை மேல் பளபளப்புக்குப் பூசுவதும் அதுதான், பாக்கெட்டில் இ 904 என்று எண் போட்டிருப்பார்கள். பழைய கிராமபோன் தட்டுகளும் இந்தப் பிசினில் செய்தவையே.

அப்படியானால் தபால் சீல் எப்படிச் சிவப்பாக இருக்கிறது? அதில் தனியாகச் சிவப்பு நிறமி சேர்க்கிறார்கள். அந்தக் காலத்தில் சாதிலிங்கம், இப்போது மலிவான வேறு நிறமிகள். ஆக, சீல் அரக்கின் சிவப்பு வெளியிலிருந்து வந்தது. நம் சேலைக்குப் பெயர் கொடுத்தது கழுவாத கொம்பரக்கின் சிவப்பு. கொஞ்சம் ஊதாவும் கொஞ்சம் பழுப்பும் கலந்த கருஞ்சிவப்பு அது. சீல் குச்சியை வைத்து அரக்கு நிறத்தைப் பொருத்திப் பார்த்தால் சரியாக வராது.

அந்தச் சாயத்தைக் கழுவி எடுத்துக் கட்டிகளாகக் காயவைத்து, பத்தொன்பதாம் நூற்றாண்டில் இங்கிலாந்துக்கு ஏற்றுமதி செய்தார்கள். செயற்கைச் சாயம் வந்ததும் அது நின்றது. அதுவரை உபபொருளாக இருந்த பிசின் முதன்மைச் சரக்கு ஆனது.

வெளியூர் வாசகன்

பூச்சிகள் லட்சக்கணக்கில் இருப்பதால் லாக்ஷா என்று பெயர் வந்ததாகப் பள்ளியில் சொன்னார்களே?

ஏட்டுச்சுவடி

எல்லா இடத்திலும் அந்தக் கதை இருக்கிறது. பூச்சி எண்ணிக்கை உண்மை, பெயர்க்காரணம் நிற்காது. ராக்ஷா என்ற வடிவத்துக்கு எண்ணோடு ஒட்டே இல்லை. அதர்வ வேதத்தில் லாக்ஷாவைப் பார்த்துப் பாடும் பாட்டு ஒன்று இருக்கிறது. காயத்தை ஆற்றும் மருந்தாக அழைக்கிறார்கள், எண்ணிக்கை பற்றிப் பேச்சே இல்லை.

பரமக்குடித் தறி

இவ்வளவு பேசியும் அக்காவின் இரண்டாவது கேள்வி அப்படியே கிடக்கிறது. நம் மணலில் சாயவேர் இருந்தும் நிறத்துக்கு அரக்கு என்று ஏன் பெயர்? நெசவுப் பக்கமிருந்து சொல்லிப் பார்க்கிறேன்.

சாயவேரை இம்புரல் என்றும் சொல்வார்கள். தரையோடு படரும் சின்னச் செடி, வெள்ளைப் பூ. மணலுக்குள் வேர் நீளமாக இறங்கும், நூல் மாதிரி மெல்லியது. சாயம் வேர்த்தோலில்தான் இருக்கிறது. வெள்ளைக்காரர்கள் 'சே' வேர் என்று எழுதி வைத்திருப்பது இதைத்தான். சோழமண்டலக் கரை முழுக்க இதைத் தோண்டினார்கள், பயிரிட்டும் எடுத்தார்கள். அக்கரையில் மன்னார், யாழ்ப்பாணம் பக்கம் டச்சுக்காரர் காலத்தில் இந்த வேர் அரசாங்க வருமானமாகவே இருந்தது.

வேரைக் காய்ச்சித் துணியைப் போட்டால் சிவப்பு வந்துவிடாது. முதலில் நூலுக்கு எண்ணெய் ஊட்ட வேண்டும். அதற்குக் காரம் வேண்டும். உப்பங்கழி ஓரத்தில் சிவந்து கிடக்குமே உமரி, அதை எரித்த சாம்பல் அதற்கு ஆகும். நூலை நனைப்பது, வெயிலில் காயவைப்பது, மறுபடி நனைப்பது என்று பல நாள் வேலை. பிறகு படிகாரம், அதன் பிறகுதான் வேர்த் தண்ணீர். தண்ணீரில் கொஞ்சம் சுண்ணாம்புச் சத்து இருந்தால் சிவப்பு ஆழமாக ஏறும். இந்தக் கரையில் கிளிஞ்சலுக்குக் குறைவா என்ன. அப்படி ஏறிய சிவப்பு எத்தனை முறை துவைத்தாலும் போகாது. மதுரைச் சிவப்புக்கு அவ்வளவு பேர் வந்தது அதனால்தான். எங்கள் சௌராஷ்டிரச் சனங்கள் அதில் பெரிய கைகாரர்கள்.

அத்தனையும் பருத்திக்கு. கவனியுங்கள், பருத்திக்கு.

வேதியியல் வாத்தியார்

தறி அண்ணா சரியான இடத்தைத் தொட்டுவிட்டார். சாயவேரில் இருக்கும் முக்கியச் சாயம் அலிசரின். படிகாரமும் சுண்ணாம்பும் சேர்ந்தால் அது பருத்தி நூலில் இறுகப் பிடிக்கும். அரக்குச் சாயம் நேர்மாறானது. பட்டும் கம்பளியும் புரத இழை, அவற்றில் அரக்குச் சாயம் நன்றாக ஏறும். பருத்தியில் சரியாகப் பிடிக்காது, வெளிறிப்போகும்.

திருப்புல்லாணி தையல்

அப்படியானால் எனக்கு விடை கிடைத்துவிட்டது! கடைக்கு வருபவர்கள் யாரும் "அரக்கு வேட்டி" என்றோ "அரக்குத் துண்டு" என்றோ சொல்லி நான் கேட்டதில்லை. அரக்குப் பட்டு, அரக்குக் கூறை, அரக்கு பார்டர். எல்லாம் பட்டைச் சுற்றியே இருக்கிறது. பருத்தியில் அதே நிறம் வந்தால் "கருஞ்சிவப்பு", "மிளகாய்ப்பழச் சிவப்பு" என்று ஏதோ ஒன்றைச் சொல்வார்கள். பட்டுக்குச் சாயம் கொடுத்த பொருளின் பெயர் பட்டோடு ஒட்டிக்கொண்டது. கல்யாணத்துக்குப் பட்டு, அதனால் கல்யாணச் சிவப்புக்கு அரக்கு என்று ஆகிவிட்டது. சாயவேர்ச் சிவப்பு அன்றாடம் உடுத்துவதில் இருந்தது, அதற்குத் தனிப்பெயர் தேவைப்படவில்லை. நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன்.

பரமக்குடித் தறி

நானும் அப்படித்தான் நினைக்கிறேன். இன்னொரு காரணமும் தோன்றுகிறது. நிறத்துக்குப் பெயர் வைக்க வேண்டுமென்றால் அந்தப் பொருள் கையில் எடுத்துக் காட்டுகிற மாதிரி இருக்க வேண்டும். குங்குமம், பவளம், மாதுளை, வாடாமல்லி, மயில் கழுத்து, எல்லாமே கண்ணால் பார்க்கிற பொருள். கொம்பரக்கும் கையில் எடுத்த உடனே கருஞ்சிவப்பு. சாயவேரைப் பிடுங்கிக் காட்டினால் மஞ்சளும் பழுப்புமாக ஒரு வேர், அவ்வளவுதான். சிவப்பு துணியில்தான் பிறக்கிறது.

1868-ல் ஜெர்மனியில் கிரேபே, லீபர்மான் என்ற இருவர் அலிசரினைச் செயற்கையாகச் செய்துவிட்டார்கள். கொஞ்ச வருடத்தில் சாயவேர் தோண்டும் தொழிலே படுத்துவிட்டது. செடி மட்டும் இன்னும் மணலில் இருக்கிறது. பிள்ளைகளிடம் காட்டினால் களை என்கிறார்கள். எனக்கு அது மனசு தாங்கவில்லை.

தொண்டிக் கரை

பட்டு, பருத்தி இரண்டையும் பேசிவிட்டீர்கள். வலையை மறந்துவிட்டீர்கள்.

நைலான் வருவதற்கு முன் எங்கள் அய்யா காலத்தில் எல்லாம் பருத்தி வலை. உப்புத் தண்ணீரில் அப்படியே போட்டால் சீக்கிரம் இற்றுப்போகும். மரப்பட்டையைக் காய்ச்சி, பனிச்சங்காய்ச் சாற்றை எடுத்து, வலையை ஊறப்போட்டுக் கரையில் விரித்துக் காயவைப்பார்கள். காய்ந்த வலை செம்பழுப்பாக விறைத்து நிற்கும். அந்தச் சாற்றுக்குத் துவர்ப்பு ருசி. அந்த நிறத்துக்கும் 'துவர்' என்றுதான் பெயர். கரையில் பெரிய ஆட்கள் "வலைக்குத் துவர் ஏறிடுச்சா" என்று கேட்பார்களாம். வாயில் பட்டால் துவர்ப்பு, கண்ணில் பட்டால் சிவப்பு, இரண்டுக்கும் ஒரே சொல்.

ஏட்டுச்சுவடி

தொண்டித் தம்பி, உங்களுக்குப் பெரிய நன்றி. துவர் சங்கச் சொல். சிவந்த வாயைத் 'துவர்வாய்' என்பார்கள், காவி உடை 'துவராடை'. பவளத்துக்குத் 'துகிர்' என்று இன்னொரு பழஞ்சொல் உண்டு. வேர் தேடும் ஐயாவுக்கும் இதைச் சொல்ல வேண்டும். தமிழில் கருஞ்சிவப்புக்குச் சொந்தச் சொல் இல்லாததால் அரக்கைக் கடன் வாங்கவில்லை. துவர் இருந்தது, துகிர் இருந்தது, செம்மை இருந்தது. அரக்கு ஒரு சரக்காக வந்தது, தன் பெயரோடு வந்தது.

தமிழ்வேர் தேடி

அரக்கின் மூலத்தில் என் கருத்தை நான் விடவில்லை ஐயா. ஆனால் துவர் பற்றி நீங்கள் சொன்னது முழுக்கச் சரி. அதை இன்னும் கொஞ்சம் புழக்கத்துக்குக் கொண்டுவர வேண்டும். ஜவுளிக்கடையில் பிரிக் கலர் என்கிறார்களே, அதற்குத் துவர் நிறம் என்று சொன்னால் என்ன குறை?

கீழக்கரைக் காக்கா

ஒரு சின்னச் செய்தி மட்டும். நம் கடலில் எடுக்கும் சங்கு வங்காளத்துக்குப் போய் வளையலாக அறுபடுவது எல்லோருக்கும் தெரியும். கல்யாணப் பெண் அந்த வெள்ளைச் சங்கு வளையோடு சிவப்பாக ஒரு வளையும் சேர்த்துப் போடுவாள். அதற்குப் 'போலா' என்று பெயர், பவளம் என்று பொருள். பவளம் விலை என்பதால் அரக்கிலும் அதைச் செய்து போட்டார்கள். அங்கேயும் கல்யாணச் சிவப்புக்கு அரக்குதான் வந்து நிற்கிறது, பக்கத்தில் நம் ஊர்ச் சங்கு.

திருப்புல்லாணி தையல்

காக்கா, இது எனக்குப் புதுச் செய்தி, ரொம்பச் சந்தோஷம்.

கடைசியாக ஒன்று கேட்கிறேன். உண்மையான அரக்குச் சாயத்தில் ஒரு துண்டுப் பட்டை நனைத்துப் பார்க்க ஆசை. கடைக்கு வரும் பெண்களிடம் "இதுதான் அரக்கு" என்று காட்ட வேண்டும். எப்படிச் செய்வது?

வேதியியல் வாத்தியார்

செய்யலாம். கொம்பரக்கை உரலில் நொறுக்கி, குச்சியைப் பொறுக்கி எறிந்துவிட்டு, வெதுவெதுப்பான தண்ணீரில் ராத்திரி ஊறவையுங்கள். துளி சலவைச் சோடா போட்டால் சாயம் சீக்கிரம் இறங்கும், அதிகம் போட்டால் பிசினும் கரைந்து வந்துவிடும், பட்டும் கெடும். காலையில் துணியில் வடிகட்டி, சோடா போட்டிருந்தால் கொஞ்சம் புளித்தண்ணீர் விட்டுச் சமன் செய்துகொள்ளுங்கள். வெள்ளைப் பட்டுத் துண்டைப் படிகாரத் தண்ணீரில் ஊறவைத்துப் பிழிந்து, அதன் பிறகு இந்தச் சாயத்தில் போட்டு மெல்லச் சூடாக்குங்கள். கொதிக்க விட வேண்டாம். இரும்புச் சட்டி எடுக்காதீர்கள், நிறம் கறுத்துவிடும். பக்கத்திலேயே ஒரு பருத்தித் துண்டையும் போட்டு வையுங்கள், வித்தியாசம் உங்களுக்கே தெரியும்.

உச்சிப்புளி பட்டறை

அக்கா, நாட்டு மருந்துக்கடையில் கிடைக்கும். கேட்கும்போது 'கொம்பரக்கு' என்று முழுப்பெயர் சொல்லிக் கேளுங்கள். வெறும் அரக்கு என்றால் சீல் வைக்கிற குச்சியை எடுத்துக் கொடுத்துவிடுவார்கள்.